புகையிரதமும் புறநகர் வாழ்வும்

முற்காலத்து மனிதன் தொழில் நடக்கும் இடத்துக்கு அண்மையிலேயே குடியிருந்தான். கமக்காரனுக்கு வயலின் அயலிலே வளவு. வணிகனுக்குக் கடையின் பின்புறமே வீடு. காலையில் இருபது மைல் சென்று உழைத்து, இரவில் சொந்த வீட்டில் உணவருந்தும் வாழ்வு புகையிரதம் தந்த புதுமையாகும். லண்டன் மாநகரில் 1836இல் கிறீன்விச் பாதை திறக்கப்பெற்றதோடு இது முளைவிட்டது. தொழிலாளருக்குக் குறைந்த கட்டணத்தில் வண்டி விடவேண்டுமென 1883இல் பிரித்தானியப் பாராளுமன்றம் சட்டமியற்றவே, ஏழைகளும் நகரத்து நெரிசலை விட்டு வெளியேறலாயினர்.

நம் நாட்டிலோ, 1864இல் அம்பேபுசைக்கும் 1867இல் கண்டிக்கும் ஓடிய வண்டிகள் முதன்மையாகக் கோப்பி மூட்டைகளை நாடியே விடப்பட்டன. மனிதர் பின்னர்தான் நினைவுக்கு வந்தனர் போலும்! 1877இல் பாணந்துறையையும் 1895இல் மாத்தறையையும் எட்டிய கரையோரப் பாதையின் கதை வேறு. பம்பலப்பிட்டி, வெள்ளவத்தை, தெகிவளை, மொறட்டுவை எனக் கடலையொட்டி நிலையங்கள் எழுந்தன. கந்தோர் உத்தியோகத்தர் பருவகாலச் சீட்டை வாங்கிச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, நாள்தோறும் கோட்டைக்குப் போய் மீண்டனர். வெள்ளவத்தையில் எம்மவர் பெருகியதற்குள்ள காரணங்களுள் இக்கோச்சியும் ஒன்றென்பது எமது துணிபு. சென்னையிலும் 1931இல் கடற்கரைக்கும் தாம்பரத்துக்குமிடையே மின்சார வண்டி ஓடத் தொடங்கியது.

இனி நம் கரைக்கு வருவோம். காரைதீவு தந்த சுவாமி விபுலாநந்தர் ஆசிரியப் பயிற்சிக்காக 1911இல் கொழும்பு சென்றபோது மட்டக்களப்பிலும் புகையிரதமில்லை. 1928இல் அங்கு வந்த தண்டவாளம் அங்கேயே நின்றுவிட்டது. அங்கிருந்து கல்முனை ஏறக்குறைய இருபத்தைந்து மைல். கொழும்புக்கும் களுத்துறைக்குமுள்ள தூரமும் அவ்வளவே!

ஆயினும் குறை முழுவதையும் தண்டவாளத்தின்மேற் போடலாகாது. ஏறாவூரிலும் வாழைச்சேனையிலும் நிலையங்கள் உண்டு. ஆங்கொரு வெள்ளவத்தை தோன்றவில்லை. போய்ச்சேருமிடத்தில் ஆயிரமாயிரம் பேருக்கு வேலை இருந்தாலன்றோ பருவகாலச் சீட்டுக்குப் பயனுண்டு? கந்தோர்கள் யாவும் கொழும்பிலே குவிந்தன.

பாண்டிருப்பு, கல்முனை, சாய்ந்தமருது, காரைதீவு என எம் ஊர்கள் ஒரே தெருவில் அடுத்தடுத்துக் கிடக்கின்றன. 1958இல் பஸ் சேவைகள் அரசுடைமையான பின்னரும், தமிழரும் முஸ்லிம்களும் ஒரே பஸ்ஸிலே நெருங்கி நின்றுதான் பயணஞ்செய்தனர். பள்ளிக்கும் சந்தைக்கும் அது போதுமானது. கொழும்பிலே உத்தியோகம் பெற்ற பிள்ளைக்கு அது போதாது. தெகிவளைத் தாய் மகனுக்கு இரவுச்சோறு மூடி வைக்கிறாள். எம் ஊர்த் தாயோ, அவன் வாடகை அறையிலே என்ன உண்டானோ என ஏங்குகிறாள். பொங்கலுக்கும் நோன்புப் பெருநாளுக்கும் இரவு பஸ்ஸில் வந்திறங்கும் பிள்ளைகள், மூன்றாம் நாளே பெட்டியைக் கட்டுகின்றனர்.