மின்சைக்கிள் காயத்துக்குக் குறியீடு வந்த கதை

விபத்தில் அடிபட்டு மருத்துவமனைக்கு வருபவரின் காயத்துக்கு ஒரு குறியீடும், அந்தக் காயம் எப்படி ஏற்பட்டது என்பதற்கு வேறொரு குறியீடும் போடுவது மெடிக்கல் கோடிங்கின் பழைய முறை. எலும்பு எங்கே முறிந்தது என்பதை முதலாவது சொல்லும். எதனால் முறிந்தது என்பதை இரண்டாவது சொல்லும். மின்சைக்கிள் விபத்துகளில் தகராறு முழுவதும் இரண்டாவதில்தான். ஓட்டி வந்தவர் சைக்கிள்காரரா, மோட்டார் சைக்கிள்காரரா என்ற கேள்விக்கு அமெரிக்க மருத்துவமனைகளின் குறியீட்டுப் புத்தகத்தில் 2022 அக்டோபர் வரை தனி விடை இல்லை.

சாவுக்கான காரணங்களை வகை பிரித்துப் பார்க்கும் வேலை லண்டனின் வாராந்தர இறப்புப் பட்டியல்களில் தொடங்கியது. அவற்றைத் தொகுத்து ஜான் கிராண்ட் 1662-இல் நூல் எழுதினார். பல நாடுகளுக்கும் பொதுவான பட்டியலை ஜாக் பெர்ட்டிலான் என்ற பிரெஞ்சுப் புள்ளியியலாளர் 1893-இல் சிகாகோவில் முன்வைத்தார். 1900-இல் பாரிசில் கூடிய மாநாடு அதைத் திருத்தி 179 வகைகளாக ஏற்றுக்கொண்டது. அதுவரை எல்லாமே இறந்தவர்களின் கணக்கு. 1948-இல் உலக சுகாதார நிறுவனத்தின் பொறுப்பில் வந்த அந்தப் பட்டியலின் ஆறாவது திருத்தம்தான் உயிரோடு இருக்கும் நோயாளிகளையும் காயம்பட்டவர்களையும் கணக்கில் சேர்த்தது. காயத்தின் தன்மைக்கு 'என்' வரிசை, காயத்தின் காரணத்துக்கு 'ஈ' வரிசை என்ற இரட்டைக் குறியீடு அப்போது வந்தது. கோடிங் உலகில் மூத்தவர்கள் இன்றும் காரணக் குறியீட்டை 'ஈ கோட்' என்று சொல்வது அந்தப் பழக்கத்தில்தான்.

ஒன்பதாவது திருத்தத்தின் அமெரிக்க வடிவம் 1979 முதல் 2015 வரை புழக்கத்தில் இருந்தது. அதில் மோட்டார் வாகனம் சம்பந்தப்படாத சைக்கிள் விபத்துக்கு ஈ826 என்ற வகை இருந்தது. மோட்டார் பொருத்திய சைக்கிளை அதே புத்தகம் மோட்டார் சைக்கிளின் விளக்கத்துக்குள் அடக்கியிருந்தது. எழுதியவர்களின் மனதில் இருந்தது மொபெட். நம் ஊர் டிவிஎஸ் 50 போல, பெயருக்குப் பெடல் இருந்தாலும் பெட்ரோலில் ஓடும் வண்டி. அதை மோட்டார் சைக்கிளோடு சேர்த்ததில் தவறு சொல்ல முடியாது.

1990-இல் உலக சுகாதாரப் பேரவை ஏற்ற பத்தாவது திருத்தமும் அதே கோட்டைத்தான் போட்டது. பெடலால் மட்டுமே இயங்குவது சைக்கிள். அதற்கு வி10 முதல் வி19 வரை. மொபெட், ஸ்கூட்டர், மோட்டார் பொருத்திய சைக்கிள் எல்லாம் வி20 முதல் வி29 வரை. மூன்றே ஆண்டுகளில், 1993-இல், யமஹா நிறுவனம் ஜப்பானில் 'பாஸ்' என்ற சைக்கிளை விற்பனைக்குக் கொண்டுவந்தது. ஓட்டுபவர் பெடலை மிதித்தால்தான் அதன் மின்மோட்டார் துணைக்கு வரும். மிதிக்கவும் வேண்டும், மோட்டாரும் உண்டு என்ற இந்த வண்டி, அப்போதுதான் எழுதி முடித்த வரையறைக்குள் சரியாக உட்காரவில்லை.

சட்டம் இன்னொரு பக்கம் போனது. அமெரிக்க நாடாளுமன்றம் 2002-இல் இயற்றிய சட்டப்படி, மிதிக்கக்கூடிய பெடலும் 750 வாட்டுக்குக் குறைவான மோட்டாரும் கொண்டு, மோட்டாரால் மட்டும் மணிக்கு 20 மைலுக்குக் குறைவாக ஓடும் வண்டி, நுகர்பொருள். மோட்டார் வாகனம் அல்ல. அதே ஆண்டு ஐரோப்பிய ஒன்றியமும் 250 வாட், 25 கிலோமீட்டர் வேகம் என்ற வரம்புக்குள் பெடல் துணை சைக்கிள்களுக்கு விலக்கு அளித்தது. கலிஃபோர்னியா 2015-இல் மூன்று வகுப்புகளாகப் பிரித்தது; மூன்றாம் வகுப்பு வண்டி 28 மைல் வரை துணை தரலாம். ஆக, சாலையில் சைக்கிளாக இருந்த வண்டி, மருத்துவமனை வாசலைத் தாண்டியதும் விதிப்படி மோட்டார் சைக்கிளாகிவிட்டது.

அமெரிக்கா பத்தாவது திருத்தத்துக்கு மாறியது 2015 அக்டோபர் 1 அன்று. ஏறத்தாழ 14,000 ஆக இருந்த நோய்க் குறியீடுகள் 68,000-ஐத் தாண்டின. வாத்து தாக்கிய காயத்துக்குக்கூட டபிள்யூ61.62 என்று தனிக் குறியீடு இருப்பதைப் பத்திரிகைகள் கேலி செய்தன. கேலி நியாயம்தான், அத்தனை நுணுக்கத்திலும் மின்சைக்கிளுக்கு இடமில்லை. 'பைக்கில் வந்தபோது கார் மோதியது' என்று அவசரப் பிரிவு மருத்துவர் எழுதினால், கோடர் வி13-க்கும் போகலாம், வி23-க்கும் போகலாம். பின்னாளில் அந்தப் பதிவுகளைக் கூட்டிப் பார்ப்பவருக்கு மின்சைக்கிள் தனியாகத் தெரியாது. 2019 இறுதியில் 'இஞ்சுரி பிரிவென்ஷன்' இதழில் வந்த ஆய்வு, மின்சைக்கிள்காரர்களுக்கு உள்ளுறுப்புக் காயமும் மருத்துவமனையில் சேர்க்கப்படும் வாய்ப்பும் கூடுதல் என்று கண்டது. அதற்கான தரவு இந்தக் குறியீடுகளிலிருந்து வரவில்லை. நுகர்பொருள் பாதுகாப்பு ஆணையம் சுமார் 100 மருத்துவமனைகளில் பொருள்வாரியாகத் திரட்டும் வேறொரு பதிவிலிருந்து வந்தது.

தனிக் குறியீடு முதலில் கிடைத்தது மின்சைக்கிளுக்கு அல்ல, நின்றுகொண்டு ஓட்டும் மின்ஸ்கூட்டருக்கு. 2017-இல் சான்டா மோனிகாவில் 'பேர்ட்' நிறுவனம் தொடங்கிய வாடகை ஸ்கூட்டர்கள் ஊர் ஊராகப் பரவின. 2020 அக்டோபரில் வி00.84 என்ற வகை சேர்ந்தது. அதன்படி ஸ்கூட்டரில் நிற்பவர் பாதசாரி வகுப்பைச் சேர்ந்தவர். இரண்டு ஆண்டுகள் கழித்து, 2022 அக்டோபர் 1 முதல், மின்சைக்கிளுக்கும் குறியீடுகள் வந்தன. இடம் மட்டும் மாறவில்லை. மோட்டார் சைக்கிள் வகுப்புக்கு உள்ளேயே, ஐந்தாம் இடத்தில் 1 என்றால் மின்சைக்கிள், 9 என்றால் மற்ற மோட்டார் சைக்கிள் என்று பிரித்தார்கள். நின்று ஓட்டினால் பாதசாரி, உட்கார்ந்து மிதித்தால் மோட்டார் சைக்கிள்காரர் என்பது விசித்திரமான ஏற்பாடுதான். ஆனால் தனியாக எண்ண முடிகிறது. வகைப்பாட்டிடம் முதலில் கேட்க வேண்டியது அதுதான்.

வி23.41எக்ஸ்ஏ என்ற குறியீட்டைப் பிரித்துப் பார்க்கலாம். வி23 என்பது கார், பிக்கப் அல்லது வேனுடன் மோதல். 4 என்பது பொதுச்சாலையில், ஓட்டுநருக்கு. 1 என்பது மின்சைக்கிள். எக்ஸ் இடம் நிரப்ப மட்டும். ஏ என்பது காயத்துக்கான சிகிச்சை இன்னும் நடந்துகொண்டிருக்கும் கட்டம். ஆறிவரும்போது பார்க்க வந்தால் டி, பின்விளைவுக்கு எஸ். பாதசாரி அல்லது விலங்கின் மீது மோதினால் வி20, கம்பம் போன்ற நிலைப்பொருளில் மோதினால் வி27, மோதலே இல்லாமல் சறுக்கி விழுந்தால் வி28. இவை எதுவும் முதன்மை நோய்க் குறியீடாக வரக்கூடாது. வலது கீழ்க்கால் எலும்பு முறிவுக்கான எஸ்82.201ஏ போன்ற ஒன்றின் பின்னால்தான் வரும்.

அமெரிக்க மருத்துவமனைகளின் சார்ட்டுகளில் கணிசமான பங்கு சென்னை, கோவை, திருச்சி அலுவலகங்களில் கோட் செய்யப்படுவதால், அக்டோபர் தோறும் வரும் மாற்றங்கள் இங்குள்ள பட்டதாரிகளுக்கும் பாடமாகின்றன. சார்ட்டில் 'எலெக்ட்ரிக்' என்ற சொல் இல்லையென்றால் கோடர் ஊகித்து எழுத அனுமதியில்லை. மருத்துவருக்கு க்வெரி அனுப்பலாம், அவ்வளவுதான். காரணக் குறியீட்டைக் கட்டாயமாகப் போடச் சொல்லும் தேசிய விதியும் அமெரிக்காவில் இல்லை. சில மாநிலங்களும் சில காப்பீட்டு நிறுவனங்களும் கேட்டால்தான் கட்டாயம். 2022 அக்டோபருக்கு முந்தைய மின்சைக்கிள் காயங்கள் சைக்கிள் வகுப்பிலும் மோட்டார் சைக்கிள் வகுப்பிலுமாகக் கலந்து கிடக்கின்றன. அவற்றைப் பிரித்தெடுக்க, மருத்துவர் எழுதிய குறிப்புகளை ஒவ்வொன்றாகப் படிப்பதைத் தவிர வேறு வழியில்லை.