தொலைக்காட்சி விளம்பரமும் வன்னி விவசாயியும்

விளம்பரத்தின் வரலாற்றை அது விற்ற பண்டங்களின் வரலாற்றினின்றும் பிரித்து நோக்குதல் பொருந்தாது. இலங்கைத் தொலைக்காட்சி விளம்பரத்தின் தொடக்க காலத்தை வன்னியிலிருந்து நோக்குமிடத்து இவ்வுண்மையை நாம் தெளிவாகக் காண்கின்றோம்.

அமெரிக்காவில் 1941 யூலை 1இல் ஒளிபரப்பான முதலாவது வர்த்தக விளம்பரம், புலோவாக் கடிகாரமொன்றின் முகப்பைச் சில விநாடிகள் காட்டியதோடு அமைந்தது. பின்னர், அறிவிப்பாளர் கலையகத்தில் நின்று பண்டத்தைக் கையிலேந்தி நேரடியாகப் பேசும் முறை வளர்ந்தது. திரைப்படச் சுருளும் 1956இல் அறிமுகமான ஒளிப்பதிவு நாடாவும் இந்நிலையை மாற்றின. ஒருமுறை தயாரித்ததைப் பன்முறை ஒளிபரப்புதல் எளிதாயிற்று.

இலங்கைக்குத் தொலைக்காட்சி வந்தபோது இக்கட்டங்கள் யாவும் கடந்துபோயிருந்தன. சுயாதீனத் தொலைக்காட்சி 1979 ஏப்ரல் 13இலும், யப்பானிய உதவியுடன் நிறுவப்பட்ட ரூபவாஹினி 1982 பெப்ரவரி 15இலும் ஒளிபரப்பைத் தொடங்கின. ஆயினும் விளம்பரத்துக்குரிய சொற்கலை இங்கு முன்னரே உருவாகியிருந்தது. 1950இல் ஆரம்பமான இலங்கை வானொலியின் வர்த்தக சேவை, அறிவிப்பாளரின் குரல், சிறுபாட்டு, உரையாடல் என்பவற்றால் பண்டத்தின் பெயரை நேயர் நாவிற் பதியவைத்தது. தொலைக்காட்சி அக்குரலுக்குப் படம் சேர்த்தது. பன்மொழி நாடொன்றில், ஒரே படத்துக்கு வெவ்வேறு மொழிக் குரல்களை இணைப்பதே சிக்கனமான தயாரிப்பு முறை. குரல் மாறலாம், காட்டப்படும் வீடும் சமையலறையும் மாறா. சந்தையை ஒருமைப்படுத்தும் மூலதனத்தின் இயல்பு இத்தொழில்நுட்பத்திலேயே பொதிந்துள்ளது.

அச்சந்தையில் வன்னிக்குரிய இடம் யாது? இறக்குமதிக் கட்டுப்பாடுகள் நிலவிய 1970–1977 காலப்பகுதியில் செத்தல் மிளகாயும் வெங்காயமும் நல்ல விலை பெற்றன. விசுவமடு, முத்தையன்கட்டு ஆகிய குடியேற்றத் திட்டங்களில் இளைஞர்கள் காடு திருத்திப் பயிரிட்டனர். 1977 நவம்பர் வரவு செலவுத் திட்டம் இறக்குமதிக்கு வழிதிறந்தது. உள்ளூர் மிளகாயின் சந்தை தளர்ந்தது. அதே வழியாகவே தொலைக்காட்சிப் பெட்டியும், அது விளம்பரப்படுத்திய பண்டங்களும் வந்துசேர்ந்தன. உற்பத்தியாளன் என்ற நிலையில் நலிவுற்றவனையே விளம்பரம் நுகர்வோனாக விளித்தது.

ரூபவாஹினியின் மறுஒளிபரப்புக் கோபுரம் வன்னியிலேயே, கொக்காவிலில் நின்றது. 1990 யூலையில் அங்கிருந்த படைமுகாம் வீழ்ந்தபின், புதிய கோபுரம் 2011இலேயே திறக்கப்பட்டது. இடைப்பட்ட போர்க்காலத்தில், பொருளாதாரத் தடையின் கீழ், மின்கலமும் எரிபொருளும் உரமும் தடைசெய்யப்பட்ட பொருட்களாயின. தெற்கில் விளம்பரம் தேடிய பண்டம் வன்னியில் சோதனைச் சாவடியிலே பறிமுதலாயிற்று.

எனவே, விளம்பரங்களை யார், எவ்வாறு தயாரித்தனர் என்று ஆராய்வதோடு, அவற்றை வாங்க இயலாதவாறு யார் தடுக்கப்பட்டனர் என வினவுவதும் நமது தொடர்பாடல் வரலாற்றின் கடமையாகும்.