ஆசிட் டெஸ்ட்

பி.காம். படிக்கிறவர்களுக்கு இந்த விகிதம் தெரிந்திருக்கும். நடப்புச் சொத்தில் சரக்கிருப்பைக் கழித்து, மிச்சத்தை நடப்புப் பொறுப்புகளால் வகுத்தால் ஆசிட் டெஸ்ட் ரேஷியோ. 1:1 இருந்தால் நல்லது என்று எழுதினால் மார்க் வந்துவிடும். கணக்குப் புத்தகத்தில் ஆசிட்டுக்கு என்ன வேலை என்று மட்டும் யாரும் சொல்லித் தரவில்லை!

பதில் நகைப்பட்டறையில் இருக்கிறது. நகையை உரைகல்லில் தேய்த்து, விழுந்த கோட்டின் மேல் ஒரு சொட்டு நைட்ரிக் ஆசிட் விடுவார்கள். செம்போ பித்தளையோ என்றால் கோடு கரைந்து காணாமல் போகும். நல்ல தங்கம் அப்படியே நிற்கும். நம் விகிதமும் இதைத்தான் செய்கிறது. விற்குமோ விற்காதோ என்றிருக்கும் சரக்கைக் கரைத்துவிட்டு, கடன் கொடுத்தவர் வாசலில் வந்து நின்றால் கொடுக்க என்ன மிஞ்சும் என்று பார்க்கிறது. கிடங்கு நிறையத் துணியை வைத்துக்கொண்டே கடையை மூடினவர்கள் உண்டல்லவா?

1965-இல் கலிபோர்னியாவில் எழுத்தாளர் கென் கீசி தன் போதை விருந்துகளுக்கும் இதே பெயரை வைத்தார். அங்கே ஆசிட் என்றால் எல்.எஸ்.டி. (முழுப்பெயரில் லைசர்ஜிக் ஆசிட் வருகிறதே, அதனால்.) அது வெறும் சிலேடை.

எனக்குப் பிடித்தது அதற்கு முந்தையது. 1918 ஜனவரி 8 அன்று அமெரிக்க ஜனாதிபதி உட்ரோ வில்சன் தன் 14 அம்ச உரையில், ரஷ்யாவை மற்ற நாடுகள் நடத்தும் விதமே அவற்றின் நல்லெண்ணத்துக்கு ஆசிட் டெஸ்ட் என்றார். அதே ஆண்டு அவருடைய படைகளே விளாடிவாஸ்டாக்கிலும் ஆர்க்காங்கெல்ஸ்கிலும் போய் இறங்கின.