நில எடுப்பு இழப்பீட்டு வழக்குகள் (இந்தியா)

சாலை, அணை, தொழிற்பேட்டை முதலிய பொதுத் தேவைகளுக்காக அரசு எடுக்கும் நிலத்தின் விலை குறித்து உரிமையாளர்கள் தொடுக்கும் வழக்குகள். முன்பு 1894ஆம் ஆண்டுச் சட்டப்படி நடந்தவை. 2014 ஜனவரி 1 முதல் பெரும்பாலும் 2013ஆம் ஆண்டுச் சட்டப்படி நடக்கின்றன. சந்தை மதிப்புக்கு மேல் 30 விழுக்காடாக இருந்த ஆறுதல் தொகை புதிய சட்டத்தில் 100 விழுக்காடானது.

சிக்கல் சந்தை மதிப்பிலேயே இருக்கிறது. வழிகாட்டி மதிப்பையும், அக்கம்பக்கத்தில் முந்தைய 3 ஆண்டுகளில் பதிவான கிரயப் பத்திரங்களையும் வைத்தே அதைக் கணக்கிடுகிறார்கள். முத்திரைத்தாள் செலவுக்கு அஞ்சி விலையைக் குறைத்து எழுதும் வழக்கமுள்ள ஊரில், பக்கத்து வயலின் பத்திரமே நிலம் இழப்பவருக்கு எதிரான சாட்சியாகிவிடுகிறது. கிணறு, மரம், வீடு ஆகியவற்றுக்குத் தனி மதிப்பீடு உண்டு.

தொகை போதாதெனில், வழக்கை உரிய அதிகார அமைப்புக்கு அனுப்பும்படி ஆட்சியரிடம் மனுக் கொடுக்கலாம். ஆட்சியர் தீர்வம் (இழப்பீட்டை முடிவுசெய்யும் ஆணை) வழங்கும்போது நேரில் இருந்தவருக்குக் கெடு 6 வாரம்தான். சிறு உழவருக்கு இது போதவே போதாது. ஆட்சேபம் தெரிவிக்காமல் பணம் பெற்றவர் அந்த மனு உரிமையை இழக்கிறார். ஆகவே பற்றுச்சீட்டில் ஒப்பமிடும்முன் 'ஆட்சேபத்துடன் பெறுகிறேன்' என்று எழுதிவிட வேண்டும்.