செசில் டெகூஜி

செசில் டெகூஜி (இறப்பு: 2017) பிரான்சு நாட்டைச் சேர்ந்த திரைப்படத் தொகுப்பாளர் ஆவார். பிரெஞ்சுப் புதிய அலை இயக்கத்தின் தொடக்ககாலப் படங்கள் சிலவற்றைத் தொகுத்தவர். அல்சீரிய விடுதலைப் போராட்டத்திற்கு உதவியதற்காகச் சிறை சென்றவர்.

தொடக்க காலம்

பிரான்சுவா த்ரூஃபோவின் 'லே மிஸ்தோன்' (1957), ழான்-லுக் கொதாரின் 'சார்லோத் ஏ சோன் ழூல்' (1958) ஆகிய குறும்படங்களை இவர் தொகுத்தார். இரு இயக்குநர்களும் அப்போது முழுநீளப் படம் எதையும் எடுத்திருக்கவில்லை.

'ஆ பூ த சூஃப்ல்' படத்தொகுப்பு

கொதாரின் முதல் முழுநீளப் படமான 'ஆ பூ த சூஃப்ல்' (மூச்சிரைக்க) 1959இல் படமாக்கப்பட்டது. முதல் தொகுப்பு இரண்டு மணி நேரத்தைத் தாண்டியதால் பெருமளவு குறைக்க வேண்டியதாயிற்று. வழக்கமாக இத்தகைய நிலையில் முழுக் காட்சிகளே நீக்கப்படும். இப்படத்திலோ ஒரே ஷாட்டின் நடுப்பகுதிகள் வெட்டி எடுக்கப்பட்டு, மீதித் துண்டுகள் நேரடியாக ஒட்டப்பட்டன. கோணம் மாறாமல் உருவம் மட்டும் திடீரெனத் தாவுவதால் இம்முறை 'ஜம்ப் கட்' எனப்படுகிறது. படப்பிடிப்பின்போது ஒலி உடன் பதிவு செய்யப்படாமல் பின்னர் சேர்க்கப்பட்டது; எனவே படத்தை விரும்பிய இடத்தில் வெட்ட முடிந்தது. மகிழுந்துக் காட்சியில் ழான்-போல் பெல்மொந்தோவின் குரல் தொடர்ந்து ஒலிக்க, ழீன் செபர்க்கின் பின்கழுத்தும் அவருக்கு அப்பால் தெரியும் பாரிசு நகரத் தெருக்களும் தாவித் தாவி மாறுவது இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு ஆகும். அதுவரை பிழையாகக் கருதப்பட்ட இவ்வெட்டு, பின்னர் உலகெங்கும் ஓர் உத்தியாக ஏற்கப்பட்டது.

சிறைவாசம்

அல்சீரிய விடுதலைப் போர் 1954 முதல் 1962 வரை நடைபெற்றது. டெகூஜி தம் பெயரில் ஒரு குடியிருப்பை வாடகைக்கு எடுத்து, அதை அல்சீரியத் தேசிய விடுதலை முன்னணியினரின் பயன்பாட்டிற்கு அளித்தார். இதற்காக 'ஆ பூ த சூஃப்ல்' வெளிவந்த அதே 1960ஆம் ஆண்டில் கைது செய்யப்பட்டார். ஐந்தாண்டுச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டு, இரண்டு ஆண்டுகள் சிறையில் இருந்தார். தாம் தொகுத்த படம் பெரும் வரவேற்பைப் பெற்ற காலத்தில் அவர் சிறையில் இருந்தார். த்ரூஃபோவின் 'தீரே சூர் ல பியானிஸ்த்' (1960) படத்தின் தொகுப்பாளர்களாக டெகூஜி, குளோதீன் பூஷே ஆகிய இருவரின் பெயர்களும் இடம்பெற்றுள்ளன.

எரிக் ரோமருடன்

1969 முதல் 1984 வரை எரிக் ரோமரின் பல படங்களை டெகூஜி தொகுத்தார். இவை உரையாடலை மையமாகக் கொண்டவை. பின்னணி இசை மிகக் குறைவு. ஆகையால் இங்கு வெட்டு கண்ணுக்குத் தெரியாமல் அமைய வேண்டியிருந்தது. 'மா நுயி ஷே மோத்' படத்தில் ஒருவர் பேசும்போது, கேட்பவரின் முகம் நீண்ட நேரம் காட்டப்படுவதைக் காணலாம். எப்போது வெட்டுவது என்பதைப் போலவே எப்போது வெட்டாமல் இருப்பது என்பதும் தொகுப்பாளரின் கலையே என்பதற்கு இப்படங்கள் சான்றாகும்.

தொகுத்த படங்களுள் சில

* ஆ பூ த சூஃப்ல் (1960) - கொதார்
* தீரே சூர் ல பியானிஸ்த் (1960) - த்ரூஃபோ
* மா நுயி ஷே மோத் (1969) - ரோமர்
* ல ழெனூ த கிளேர் (1970) - ரோமர்
* பொலீன் ஆ லா பிளாழ் (1983) - ரோமர்
* லே நுயி த லா பிளேன் லூன் (1984) - ரோமர்