செட்டித் தெருவின் பெட்டியடி

சிங்கப்பூர் நதிக்கு அண்மையில், வரைபடங்களில் மார்க்கெட் ஸ்ட்ரீட் என்றும் நம்மவர் வாய்மொழியில் செட்டித் தெரு என்றும் வழங்கிய வீதியின் கிட்டங்கிகளிலே, ஒரு பாய், தாழ்ந்த எழுதுமேசை, இரும்புப் பெட்டி ஆகியவற்றையே ஸ்தாவர ஜங்கமமாகக் கொண்டு, நாட்டுக்கோட்டை நகரத்தார் நடத்திய லேவாதேவித் தொழிலுக்கு, பணத்தினும் பெரிய மூலதனம் ஜாக்கிரதையே. செட்டிநாட்டு முதலாளியின் பொருளைக் கையாளும் ஏஜெண்டு, பெட்டியடிப் பையனாகச் சேர்ந்து, அடுத்தாளாகப் பழகி, நம்பிக்கை பெற்ற பிறகே, வழக்கமாக மூன்றாண்டுத் தவணைக்குக் கப்பலேறினார். பிள்ளையார் சுழியிட்ட பேரேட்டில் வரவு செலவோடு மகமையும் ஏறிற்று. அந்தத் தர்மப் பங்கை ஒதுக்கிய சமூகமே 1859இல் டேங்க் ரோட்டில் தண்டாயுதபாணிக்குக் கோயில் எடுத்தது.

கூலி வேலைக்கு வந்த தமிழரில் பெரும்பாலோருக்கோ இத்தகைய அரண் ஏதுமில்லை. கை ஓய்ந்த நாளில் அன்னத்துக்கு வழி என்ன என்ற அச்சமே அவர்களுடன் வளர்ந்தது. ஆதலால், 1955 ஜூலை 1ஆம் தேதி மத்திய சேமநிதி அமலுக்கு வந்து, தொழிலாளியின் சம்பளத்தில் 5 சதவீதமும், அதற்கு ஈடாக முதலாளியிடம் 5 சதவீதமும் பெற்று, முதுமைக்கென்று சேர்க்கத் தொடங்கியதை, அத்தீவின் சரித்திரத்தில் மகத்தான சம்பவமென்றே நான் கருதுகிறேன். கிட்டங்கிகள் பின்னர் நகரப் புனரமைப்பில் மறைந்தன. அவ்வீதியில் இன்று வானளாவிய அலுவலகங்கள் நிற்கின்றன.