தகடெழுதிய கை: யாழ்ப்பாணத்து எழுத்துச் சக்கரங்களும் ஏட்டெழுத்தும்

அட்சரக்கூட்டுக்குள் சுருட்டி வைக்கும் ஓலை நறுக்கையும் செப்புத் தகட்டையும் யாழ்ப்பாணத்தில் எழுதியவர்கள் எழுத்தறியாத மாந்திரீகர்கள், கண்ட வடிவத்தைக் கீறியவர்கள் என்றொரு கருத்து ஆய்வுலகில் நெடுநாளாக நிலவுகிறது. அதற்குக் காட்டப்படும் சான்று எந்திரங்களில் மலிந்த ‘பிழைகள்’: புள்ளி இல்லை, கால் இல்லை, எழுத்துகள் முறைமாறிக் கிடக்கின்றன. இதே சான்று மறுதலையான முடிவையே தருகிறது என்பேன்.

எழுத்தாணி முனை ஓலையைத் துளைத்துவிடும் என்பதனாற் புள்ளியிடாது எழுதுவது ஏட்டு வழக்கு. இதைத் தேவாரச் சுவடியிற் கண்டால் மரபு என்கிறோம். எந்திரத்திற் கண்டால் அறியாமை என்கிறோம். செப்புத் தகட்டில் அந்த அச்சத்துக்கு இடமே இல்லை. அங்கும் புள்ளி விடுபடுகிறதென்றால், அது ஓலையிற் பழகிய கை.

வழக்குக்குரிய இடம் ஐந்தெழுத்துச் சக்கரம். திருமந்திரத்தின் நான்காம் தந்திரம் திருவம்பலச் சக்கரம் முதலாகப் பல சக்கரங்களைப் பேசுகிறது. அவ்வகையில் எளியது இருபத்தைந்து அறை கொண்டது: சிவயநம, வயநமசி, யநமசிவ, நமசிவய, மசிவயந. முதல் வரிசையைத் தவிர ஏனையவை சிதைவு என்று கொள்வதே பழைய வாசிப்பு. மேலிருந்து கீழாக வாசித்துப் பாருங்கள். அதே ஐந்து வரிசைகள் அதே ஒழுங்கில் வருகின்றன. ஒவ்வோர் எழுத்தும் நிரைக்கு ஒருமுறை, நிரலுக்கு ஒருமுறை. நான்காம் வரிசையில் ‘நமசிவய’ தானாகவே அமைந்துவிடுகிறது. கால் விடுபட்டதும் பிழையன்று; ஐந்தெழுத்துக்கு ஐந்து அறை, காலுக்குத் தனி அறை கிடையாது. ஓரெழுத்துத் தவறினாலும் நிரையும் நிரலும் முரண்பட்டுக் காட்டிக்கொடுத்துவிடும். இதைச் சிதைவென்றவர்கள் இடமிருந்து வலமாக மட்டுமே வாசித்திருக்கிறார்கள்.

மூலத்தைப் பார்த்துக் கீற எழுத்தறிவு வேண்டியதில்லையே எனலாம். சக்கரத்தளவில் இதை முற்றாக மறுக்க முடியாது. ஆனால் கட்டுவிக்க வந்தவரின் பெயரை எழுதும்போது? ‘கந்தன்’ என்பதை ‘கநதன’ என்று எழுதுவதற்கு முன்மாதிரித் தகடு எதுவும் உதவாது. ஆளுக்கு ஆள் மாறும் பெயரைப் புள்ளியின்றி, ஏட்டு முறை வழுவாமல் எழுதுபவன் எழுதப் பழகியவன். தகடெழுதுவோர் தனிக் குழுவாக ஒதுங்கி வாழ்ந்தனர் என்ற வாதம் இங்கு எடுபடாது. ஒதுங்கியிருந்தவரும் எங்கோ எழுதப் பழகித்தான் இருக்க வேண்டும்.

மணி, மந்திரம், ஔடதம் என மூன்றையும் சேர்த்தெண்ணிய வைத்திய மரபில் இது வியப்புமன்று. ஏழாலை ஐ. பொன்னையபிள்ளை பரராசசேகரம் என்னும் வைத்திய நூலைப் பகுதி பகுதியாகப் பதிப்பித்ததும் பரியாரிமார் வீட்டு ஏடுகள் இருந்தபடியாற்றான். பரியாரியாரும் சாதகம் எழுதிய சாத்திரியாரும் தகடெழுதியவரும் ஒரே ஆளென்று நான் சொல்லத் துணியவில்லை. ஒரே எழுத்துப் பயிற்சி என்று துணிந்தே சொல்வேன்.

1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகத்தோடு எரிந்த சுவடிகள் இனி வரப்போவதில்லை. எஞ்சியவற்றிற் பல வீடுகளில் உள்ளன. சுவடிகளை எண்ணிமப்படுத்துவோருக்கு ஒரு வேண்டுகோள்: வைத்திய ஏட்டுக் கட்டுக்குள் எந்திர நறுக்கு அகப்பட்டால் அதைத் தனியே பிரித்துப் ‘பலவகை’யிற் போட்டுவிடாதீர்கள். எந்தக் கட்டில், எந்த ஏட்டுக்கு அடுத்துக் கிடந்தது என்பதைக் குறித்துவிட்டுப் படமெடுங்கள்.